முஸ்தபா இரண்டு முறை போட்ட தளம்

கோட்டைமேட்டில் முஸ்தபா மேஸ்திரி வீடு எது என்று கேட்டால் சின்னக் குழந்தைகூடக் கையைப் பிடித்துக் கூட்டிப்போய் விட்டுவிடும். தளவேலை, டைல்ஸ் வேலை இரண்டிலும் பேர் வாங்கியவர். முப்பது வருஷம் முழங்காலில் உட்கார்ந்தே உழைத்ததில் நடை கொஞ்சம் சாய்ந்துபோயிருந்தது. பேச்சு குறைவு. வேலைக்குப் போகிற வீட்டில் தாகம் எடுத்தால்கூட வாய்விட்டுக் கேட்க மாட்டார். அவரோடு பதினைந்து வருஷமாகச் சித்தாளாக வேலை பார்க்கிற ரங்கம்மாள்தான் போய்ச் செம்பில் வாங்கிவருவாள்.

1994 சித்திரையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, சுரேந்தர் என்று ஒருவர் மோட்டார் சைக்கிளில் அவரைத் தேடிவந்தார். சாயிபாபா காலனியில் மூன்றாம் மாடியில் சொந்த ஃப்ளாட். அறைக்கு வெளியே மொட்டை வெயில் விழுகிற மாதிரி ஒரு திறந்த பால்கனி, பன்னிரண்டடிக்குப் பத்தடி. அந்தப் பால்கனியின் தளம்தான் கீழ்வீட்டுப் படுக்கையறைக்குக் கூரை. மழை பெய்தால் கீழே ஒழுகுகிறது. மழை இல்லாத நாளில் கூரை கொதித்து, கீழே மனுஷர் இருக்க முடியவில்லை. மூன்று ஆட்களை வைத்து மூன்று தடவை மேலே பூசிப் பார்த்தாகிவிட்டது, ஒரு பிரயோசனமும் இல்லை என்றார் சுரேந்தர். எந்தக் கட்டடம் என்று முஸ்தபா கேட்டார். மலர்க்கொடி ஃப்ளாட்ஸ் என்று பதில் வந்ததும், குடித்துக்கொண்டிருந்த டீயைக் கீழே வைத்துவிட்டார்.

அந்தக் கட்டடம் அவருக்குத் தெரியும். ஐந்து வருஷத்துக்கு முன்னால் அதன் மூன்றாம் மாடி முழுக்கத் தளம் போட்டது அவர்தான்.

அதிலும் அந்தப் பால்கனி அவருக்கு நன்றாக ஞாபகம் இருந்தது. எல்லா வேலையும் முடிந்து அது ஒன்றுதான் மீதி. வீடு வாங்கியவர்கள் கிரகப்பிரவேசத்துக்கு நாள் குறித்துவிட்டதாகச் சொல்லி, கான்ட்ராக்டர் வந்து தலைமேல் நின்றார். முறைப்படி செய்வதென்றால் கான்கிரீட்டைச் சுரண்டிக் கழுவ வேண்டும், தண்ணீர் இறங்காத கலவையைப் பூச வேண்டும், சுவரும் தளமும் சேர்கிற மூலையை உருட்டி அடைக்க வேண்டும், இரண்டு நாள் தண்ணீர் கட்டிப் பார்த்த பிறகே டைல்ஸுக்குப் போக வேண்டும். குறைந்தது ஒரு வாரம். கான்ட்ராக்டர் கொடுத்தது ஒன்றரை நாள். மேலே டைல்ஸ் வந்துவிட்டால் அடியில் என்ன இருக்கிறது என்று யார் தோண்டிப் பார்க்கப்போகிறார்கள் என்றார். முஸ்தபா கொஞ்ச நேரம் முடியாது என்று சொல்லிப் பார்த்தார். பிறகு செய்துவிட்டார். கிடந்த செங்கல் துண்டு, மரச்சீவல், சிமெண்டுப் பை எல்லாவற்றையும் அறையைவிடத் தாழ்ந்திருந்த பால்கனிப் பள்ளத்தில் தள்ளி, மணலைக் கொட்டிச் சமப்படுத்தி, தண்ணீர் ஓடுகிற வாட்டத்தைக் கண்ணாலேயே பார்த்து டைல்ஸை ஒட்டிவிட்டு வந்தார். அதற்கப்புறம் பஸ்ஸில் அந்தப் பக்கம் போகிறபோதெல்லாம் அந்தக் கட்டடத்தின் மேல்மாடியை ஒரு தடவை நிமிர்ந்து பார்ப்பார். வீட்டில் சாஜிதா பேகத்திடம்கூட அதைப்பற்றிச் சொன்னதில்லை.

சுரேந்தரிடமும் அன்றைக்குச் சொல்லவில்லை. வந்து பார்க்கிறேன் என்று மட்டும் சொல்லி அனுப்பினார்.

மறுநாள் போனார். சுரேந்தரின் மனைவி மோகனப்பிரியா பாங்கில் வேலை பார்க்கிறவர். பால்கனியில் ஒரு சாமான் கிடையாது. ஒழுகுகிறது என்று கீழிருந்து சண்டை வந்ததும் ஆசையாக வளர்த்த இருபது செடித்தொட்டிகளையும் தூக்கி ஆபீஸில் உள்ளவர்களுக்குக் கொடுத்துவிட்டாராம். பால்கனியைக் கழுவுவதையும் விட்டு, ஈரத்துணியால் துடைப்பதோடு நிறுத்திக்கொண்டாராம். அப்படியும் ஒழுகல் நிற்கவில்லை. கீழ்வீட்டு அம்மா பேசிய பேச்சில் இரண்டு வருஷமாக இரண்டு குடும்பத்துக்கும் முகம் பார்த்துப் பேச்சில்லை. கீழ்வீட்டுக்காரர் படியேறி வருகிற சத்தம் கேட்டால் இவர்கள் கதவுக்கு உள்ளேயே நின்று, அவர் போன பிறகு இறங்குவது வழக்கமாகிவிட்டது.

கீழே போய்க் கூரையைப் பார்க்க வேண்டும் என்றார் முஸ்தபா. இதுவரை வந்த மூன்று பேரும் அதைக் கேட்கவில்லை. சுரேந்தர் தயங்கி, "நாங்க அங்க போறதில்லைங்க பாய். நீங்க மட்டும் போய்ப் பாத்துட்டு வந்துருங்க" என்றார்.

கீழ்வீட்டுக் கதவைத் திறந்தவர் தம்பிதுரை. பெரியநாயக்கன்பாளையத்தில் ஒரு வார்ப்படப் பட்டறையில் சூப்பர்வைசராக இருந்து ஓய்வு பெற்றவர். உள்ளே கூட்டிப்போனார். படுக்கையறைக் கட்டிலில் அவர் மனைவி சாமியாத்தாள் மல்லாந்து படுத்திருந்தார். அறுபத்திரண்டு வயது. பக்கவாதம் வந்து மூன்று வருஷம். வலது கையும் காலும் போய்விட்டன, பேச்சு மட்டும் மெதுவாகத் திரும்பியிருந்தது. கூரை முழுக்கப் பழுப்புக் கறை. சுண்ணாம்பு பொரிந்து உதிர்ந்திருந்தது. கட்டிலை மூன்று இடம் மாற்றிப் போட்டிருந்த தடம் தரையில் தெரிந்தது. காலை பத்தரைக்கே அறை அடுப்பங்கரை மாதிரி இருந்தது. சாமியாத்தாளின் நெற்றியிலும் மார்பிலும் ஈரத்துண்டு போட்டிருந்தார்கள்.

முதலில் எந்தப் பக்கம் ஒழுகுகிறது என்று முஸ்தபா தம்பிதுரையைக் கேட்டார். எல்லாப் பக்கமும்தான் என்றார் அவர். கட்டிலிலிருந்து குரல் வந்தது.

"அவருக்கென்னங்க தெரியும். அவரு பேப்பர் படிக்கப் போயிருவாரு. நாந்தானே அன்னாடும் பாத்துட்டுக் கெடக்கறேன். என்னையக் கேளுங்க."

முஸ்தபா கட்டிலுக்கு அருகில் தரையில் உட்கார்ந்து கேட்டார். சாமியாத்தாள் இழுத்து இழுத்துச் சொன்னார். மழை பெய்கிறபோது ஒரு சொட்டு விழாது. மழை விட்டு, ஒரு உலை சோறு வேகிற நேரம் கழித்து, ஜன்னல் மூலையில் விரல் நீளத்துக்கு ஒரு ஈரக்கோடு வரும். அது நகர்ந்து நகர்ந்து ஃபேன் கொக்கி வரைக்கும் வரும். கொக்கியில் சொட்டுவது கடைசியாகத்தான். இன்னொன்றும் சொன்னார். மழை பெய்து மூன்று நாள் கழித்து, வானம் பளிச்சென்று இருக்கிறபோதும், மத்தியானத்தில் சொட்டும். அந்த நேரத்தில்தான் மேலே அந்தப் பெண் வேண்டுமென்றே தண்ணீர் கொட்டிவிட்டுப் போகிறாள் என்று இவர் சத்தம் போட்டிருக்கிறார்.

மூன்று நாள் கழித்துச் சொட்டுகிறதென்றால் தண்ணீர் டைல்ஸுக்கு அடியில் தேங்கி நிற்கிறது, வெயில் ஏறித் தளம் சூடானதும் கசிகிறது என்று அர்த்தம். தேங்கி நிற்க அங்கே என்ன இருக்கிறது என்பது அவருக்குத் தெரியும். அவர் தள்ளிய குப்பை.

மேலே வந்து, பூச்சு வேலை உதவாது, கான்கிரீட் தெரிகிற வரைக்கும் எல்லாவற்றையும் உடைத்து எடுக்க வேண்டும், மூன்று வாரமாவது ஆகும் என்றார். சுரேந்தர் ஒத்துக்கொண்டார்.

மூன்றாம் நாள், மற்றவர்கள் பூசிய மூன்று பூச்சும் உடைந்து கடைசியில் முஸ்தபாவின் பழைய டைல்ஸ் வந்தது. அதைப் பெயர்த்ததும் கோடை வெயிலிலும் அடியில் மணல் கறுத்து ஈரமாக இருந்தது. மரச்சீவல் அழுகிக் கையில் ஒட்டியது. ரங்கம்மாள் பாதி மக்கிய சிமெண்டுப் பையை இழுத்தெடுத்து, கொஞ்ச நேரம் அதையே பார்த்தாள். பிறகு கட்டடத்தைச் சுற்றும்முற்றும் பார்த்தாள்.

"இது நம்ம போட்டதல்லங்களா?" என்றாள். முஸ்தபா தலையை ஆட்டினார். கான்ட்ராக்டர் செய்யச் சொன்னான், செய்தோம், இப்போது நல்லதாகப் போட்டுக் கொடுத்துவிட்டால் தீர்ந்தது, இதையெல்லாம் போய் வெளியே சொல்லிக்கொண்டிருக்க வேண்டாம் என்று அவள் மெதுவான குரலில் சொன்னாள். அவள் சொன்னதில் தப்பு இருப்பதாக முஸ்தபாவுக்குத் தோன்றவில்லை. ஆனால் சாப்பாட்டு நேரத்தில் தூக்குப்போசியைத் திறக்காமல் அப்படியே வைத்துவிட்டுப் படியிறங்கினார்.

மேல்வீட்டாரிடம் முதலில் சொல்லியிருக்கலாம். அவர்கள்தான் வேலைக்கு வைத்தவர்கள். ஆனால் அவருக்குக் கால் போன இடம் கீழ்வீடுதான். தம்பிதுரை கதவருகே நிற்க, சாமியாத்தாளின் கட்டிலுக்குப் பக்கத்தில் முன்போலவே தரையில் உட்கார்ந்தார்.

"அம்மா, மேல தளம் போட்டது நாந்தானுங்க. அஞ்சு வருசத்துக்கு முந்தி. அவசரப்படுத்துனாங்கன்னு குப்பையத் தள்ளி மூடிப்போட்டேன். ஒழுகறதுக்கு அதுதான் காரணமுங்க. அந்த அம்மா தண்ணி ஊத்துனதால இல்ல."

சாமியாத்தாள் கூரையைப் பார்த்தபடியே இருந்தார். பிறகு கேட்ட கேள்வியை முஸ்தபா எதிர்பார்க்கவில்லை.

"அப்ப நான் அந்தப் புள்ளைய ரெண்டு வருசமாப் பேசுனதெல்லாம்?"

சாமியாத்தாளுக்குக் கோபம் வந்தது. தன் மேல் சொட்டியதற்கு வந்த கோபம் இல்லை. தன் வாயால் ஒரு பெண்ணை அநியாயமாகத் திட்ட வைத்துவிட்டாரே என்ற கோபம். பிள்ளை இல்லாதவள் என்றுகூட ஒருநாள் ஜன்னல் வழியாகச் சொல்லியிருந்தார். அதை இப்போது முஸ்தபாவிடம் சொல்லும்போது உதடு கோணி, பேச்சு குழறியது. தம்பிதுரை வந்து துண்டை நனைத்துப் போட்டார். "நீங்க போயி அந்தப் புள்ளகிட்டயே சொல்லோணும்" என்று மட்டும் சாமியாத்தாள் கடைசியாகச் சொன்னார்.

சாயங்காலம் மோகனப்பிரியா பாங்கிலிருந்து வந்ததும் முஸ்தபா சொன்னார். சுரேந்தரும் இருந்தார். அவருக்கு முகம் சிவந்துவிட்டது. இதைத் தெரிந்துகொண்டே ஞாயிற்றுக்கிழமை வாயை மூடிக்கொண்டு இருந்தீர்களா என்று கேட்டார். நாளைக்கே வேறு ஆளைக் கூட்டிவருகிறேன், கருவிகளை எடுத்துக்கொண்டு போய்விடுங்கள் என்றார். முஸ்தபா கரணையையும் உளியையும் எடுத்துச் சாக்கில் போட ஆரம்பித்தார். ரங்கம்மாள் அவரைப் பார்த்த பார்வையில், நான் அப்போதே சொன்னேனே என்பது இருந்தது.

மோகனப்பிரியா உடைந்த தளத்தின் நடுவில் செருப்போடு நின்றிருந்தார்.

"நான் செடி வெச்சதும் காரணமில்லீங்களா?" என்று கேட்டார்.

"இல்லீங்கம்மா. நல்லாப் போட்டிருந்தா இதுக்கு மேல அம்பது தொட்டி வெக்கலாம்."

மோகனப்பிரியா, அறைக்கும் பால்கனிக்கும் நடுவிலுள்ள வாசற்படியில் உட்கார்ந்தார். பிறகு கணவனிடம், அடியில் என்ன இருக்கிறது, எங்கே தப்பு என்று முழுக்கத் தெரிந்த ஆள் இவர் ஒருவர்தான், வேறு யார் வந்தாலும் இவர் சொன்ன இடத்திலிருந்துதான் ஆரம்பிக்க வேண்டும், இவரே முடிக்கட்டும் என்றார். சுரேந்தர் உள்ளே போய்விட்டார். முஸ்தபா சாக்கிலிருந்து உளியை வெளியே எடுத்தார். பழசை உடைத்த நாட்களுக்குக் கூலி வேண்டாம் என்று அவர் சொன்னதை மோகனப்பிரியா காதில் வாங்கியதாகத் தெரியவில்லை.

அந்த நேரத்தில் அழைப்பு மணி அடித்தது. தம்பிதுரை. இரண்டு வருஷத்தில் முதல் தடவையாக அந்த வாசலில் நின்றார். "அவ கூப்படறா கண்ணு. ஒரு எட்டு வந்துட்டுப் போறியா" என்றார். மோகனப்பிரியா போனார். முக்கால் மணி நேரம் கழித்துத்தான் மேலே வந்தார். கண் வீங்கியிருந்தது. என்ன பேசினார்கள் என்று முஸ்தபா கேட்கவும் இல்லை, அவர் சொல்லவும் இல்லை. மறுநாளிலிருந்து ஆபீஸ் போகிற வழியில் கீழ்வீட்டில் ஐந்து நிமிஷம் நின்று, "ஏனுங்கத்தை, ராத்திரி தூங்குனீங்களா" என்று கேட்டுவிட்டுப் போவதை மட்டும் முஸ்தபா பார்த்தார்.

வேலை ஒரு வாரம் கான்கிரீட் மேலேயே நடந்தது. குப்பையை முழுக்க அள்ளி, கம்பித் தூரிகையால் தேய்த்துக் கழுவினார்கள். வெடிப்புகளை வெட்டி அகலமாக்கி அடைத்தார்கள். சுவரோரம் நாலு பக்கமும் கலவையை உருட்டிப் பூசினார்கள். தண்ணீர் வெளியே போகிற குழாய் வாய் தளத்தைவிட ஒரு விரக்கடை உயரத்தில் இருந்தது. அதை உடைத்து இறக்கி வைத்தார் முஸ்தபா. பிறகு குழாயைத் துணி வைத்து அடைத்து, அங்குல உயரத்துக்குத் தண்ணீர் கட்டினார்கள். கீழே சாமியாத்தாளிடம், மூன்று நாள் கூரையைப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும் என்று முஸ்தபா கேட்டுக்கொண்டார். வேறென்ன வேலை எனக்கு என்றார் அவர். ஆனால் அன்றைக்குத் தம்பிதுரையிடம் சொல்லித் தலையணையை உயர்த்தி வைத்துக்கொண்டார்.

மறுநாள் மத்தியானம் தம்பிதுரை மூச்சு வாங்கப் படியேறி வந்தார். ஜன்னல் மூலையில் கோடு வந்துவிட்டது. முஸ்தபா இறங்கிப் போய்ப் பார்த்தபோது அவர் கண்ணுக்கு ஒன்றுமே தெரியவில்லை. டார்ச் அடித்துக் காட்டியும் தெரியவில்லை. சாமியாத்தாள் விடவில்லை. இடது கையை நீட்டி, "அங்க நெறம் மாறியிருக்குதுங்க, நேத்து அப்படி இல்ல" என்றார். முஸ்தபா ஸ்டூல் போட்டு ஏறி, புறங்கையை வைத்துப் பார்த்தார். ஜில்லென்றிருந்தது.

தண்ணீரை வடித்துவிட்டு அந்த மூலையில் அரை நாள் தேடினார்கள். குழாயைப் புதிதாக வைத்த இடத்தில், அதைச் சுற்றி நூல் மாதிரி ஒரு பிளவு. இந்தத் தடவையும் அவர் கையால் நடந்த பிசகுதான். குழாயைக் கழற்றி மறுபடி வைத்து, நாலு நாள் காயவிட்டு, மறுபடி தண்ணீர் கட்டினார். மூன்று நாளும் கீழிருந்து ஆள் வரவில்லை. மூன்றாம் நாள் சாயங்காலம் அவரே இறங்கிப் போனார். "ஒண்ணுமில்லீங்க. வேலையப் பாருங்க" என்றார் சாமியாத்தாள்.

ஒழுகலுக்கு வழி செய்தாயிற்று. சூட்டுக்கு என்ன செய்வது என்று முஸ்தபா யோசித்து வைத்திருந்தார். செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கனமாகக் கொட்டி அடித்தால் குளிர்ச்சி வரும். ஆனால் அத்தனை பாரத்தை அந்தத் தளம் தாங்குமா என்று மனைவி மூலமாகச் சுரேந்தர் கேட்டனுப்பினார், முஸ்தபாவுக்கும் சந்தேகம்தான். அதனால் பொள்ளாச்சி ரோட்டில் மண்பாண்டம் செய்கிற ஒருவரிடம் சொல்லி, டீ டம்ளரைவிடச் சற்றுப் பெரிதாக ஆயிரத்து நூறு மண்கலயம் சுட்டு வாங்கினார். வைக்கோல் வைத்துக் கட்டிய சாக்குகளை ரங்கம்மாளும் அவரும் மூன்று மாடி சுமந்து ஏற்றினார்கள். ஒன்றையொன்று ஒட்டினாற்போல் கலயங்களைக் கவிழ்த்து அடுக்கி, இடைவெளியில் சுண்ணாம்புக் கலவையை நிரப்பி, மேலே கலவை போட்டு, குழாய்ப் பக்கமாக வாட்டம் பிடித்து, கடைசியில் சிவப்புத் தட்டோடுகளைப் பதித்தார். ஒவ்வொரு கலயத்துக்குள்ளும் அடைபட்ட காற்று வெயிலைக் கீழே விடாது. பாரமும் பாதிதான். இதைச் சுரேந்தருக்கு அவர் விளக்கியபோது, பேச்சை விட்டிருந்த சுரேந்தர் முதல் தடவையாக அருகில் வந்து உட்கார்ந்து, ஒரு கலயத்தைக் கையில் எடுத்துத் தட்டிப் பார்த்தார். அன்றைக்கு மூன்று டீ வந்தது, அவரே கொண்டுவந்தார்.

ஓடு பதித்த வாட்டத்தைக் கண்ணால் பார்த்து முஸ்தபா நம்பவில்லை. ரசமட்டம் வைத்தும், டியூபில் தண்ணீர் பிடித்தும், அதற்குமேல் ஒரு குடம் தண்ணீரைச் சுவரோரம் சாய்த்தும் பார்த்தார். தண்ணீர் எங்கும் நிற்காமல் குழாய்க்குப் போனது.

வைகாசிக் கடைசியில் வேலை முடிந்தது. சாமான்களைக் கட்டிக்கொண்டு கிளம்புகிற நாள் மத்தியானம், சொல்லிவிட்டுப் போகலாம் என்று கீழ்வீட்டுக்குப் போனார். தம்பிதுரை உதட்டில் விரலை வைத்துக் காட்டினார். இரண்டு மணி வெயிலில், ஈரத்துண்டு இல்லாமல், சாமியாத்தாள் தூங்கிக்கொண்டிருந்தார். முஸ்தபா வாசலோடு திரும்பிவிட்டார்.

ஐப்பசியில் ஒருநாள் கோயமுத்தூரில் விடாமல் மழை பிடித்தது. யாரும் கூப்பிடாமலே முஸ்தபா குடையை எடுத்துக்கொண்டு பஸ் ஏறினார். மழை விட்டு, ஒரு உலை சோறு வேகிற நேரத்துக்கும் மேலேயே சாமியாத்தாளின் கட்டிலருகில் உட்கார்ந்திருந்தார். இருவரும் கூரையைப் பார்த்தபடி இருந்தார்கள். மோகனப்பிரியா தம்பிதுரையையும் சேர்த்து மூன்று பேருக்கும் ராகிக் கூழ் காய்ச்சி எடுத்து வந்தார். கூரையில் ஒரு மாற்றமும் இல்லை. சாமியாத்தாள் பேசப்பேச, தாராபுரத்தில் அவர் பிறந்த வீட்டைப் பற்றி, கல்யாணத்தன்று வந்த வெள்ளத்தைப் பற்றியெல்லாம் முஸ்தபா அன்றைக்குத் தெரிந்துகொண்டார்.

அதற்குப் பிறகு ஒழுகல் வேலைக்கென்றே ஆட்கள் அவரைத் தேடிவர ஆரம்பித்தார்கள். எந்த வீட்டுக்குப் போனாலும் முதலில் கீழ்வீட்டில் அதிக நேரம் இருப்பது யார் என்று கேட்டு, அவரிடம் உட்கார்ந்து பேசிவிட்டுத்தான் மேலே ஏறுவார். அவசரம் என்று சொல்கிற வேலையை ஒத்துக்கொள்வதில்லை. சில வேலை அதனால் கை நழுவிப்போனது. சாஜிதா பேகம் ஒருநாள் காரணம் கேட்டபோது, எல்லாவற்றையும் சொன்னார். இதை ஐந்து வருஷமா வயிற்றுக்குள் வைத்திருந்தீர்கள் என்று அந்த அம்மா கேட்டார்.

1997 தை மாதம் சாமியாத்தாள் தூக்கத்திலேயே போய்ச் சேர்ந்தார். முஸ்தபாவும் ரங்கம்மாளும் போனார்கள். ஆண்களோடு வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்த முஸ்தபாவிடம் சுரேந்தர் வந்து கையைப் பிடித்துக்கொண்டார்.

அந்த வருஷக் கடைசியிலும் அடுத்த வருஷத் தொடக்கத்திலும் கலவரத்தாலும் குண்டுவெடிப்பாலும் கோயமுத்தூர் பட்ட பாட்டை ஊரில் இருந்த யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை. கோட்டைமேட்டிலிருந்து யாரும் வெளியே வேலைக்குப் போகவில்லை. வெளியிலிருந்து யாரும் கூப்பிடவும் இல்லை. ஐந்து மாதம் முஸ்தபா கரணையைத் தொடவில்லை. சாக்கில் கிடந்த உளி துருப்பிடித்தது.

ஆனி மாதம் மலர்க்கொடி ஃப்ளாட்ஸில் மொட்டை மாடி முழுக்கத் தளம் போட முடிவானது. யாரைக் கூப்பிடுவது என்று கூட்டம் போட்டபோது முஸ்தபா பெயர் வந்ததும் சிலர் தயங்கினார்கள். இந்தச் சமயத்தில் எதற்கு என்றார்கள். தம்பிதுரை கூட்டங்களில் வாயைத் திறக்கிறவர் இல்லை. அன்றைக்கு எழுந்து, நான் போய்க் கூட்டிவருகிறேன் என்றார். மறுநாள் காலை தன் டி.வி.எஸ். ஐம்பதை ஓட்டிக்கொண்டு கோட்டைமேட்டுச் சந்துக்குள் வந்து, முஸ்தபா வீட்டு வாசலில் நிறுத்தினார்.

"வாங்க பாய், போலாம்" என்றார்.

முஸ்தபா சட்டையை மாற்றிக்கொண்டு வந்து பின்னால் உட்கார்ந்தார். ஐந்து மாதத்தில் அன்றைக்குத்தான் அவர் கோட்டைமேட்டைத் தாண்டினார்.

அந்த மொட்டை மாடி முடிய நாற்பது நாள் ஆனது. அதோடு முஸ்தபாவின் முழங்கால் ஒத்துழைக்க மறுத்துவிட்டது. கரணை பிடித்து வேலை செய்வது அப்புறம் ரங்கம்மாள்தான். பெண்பிள்ளை தளம் போடுவதா என்று கேட்டவர்களும் உண்டு, அவள் காதில் போட்டுக்கொள்ளவில்லை. முஸ்தபா ஒரு ஸ்டூலைப் போட்டு நிழலில் உட்கார்ந்திருப்பார். வாட்டம் பிடிக்கிற அன்றைக்கு மட்டும் எழுந்து, சுவரைப் பிடித்துக்கொண்டு மெல்ல நடந்துபோய், தண்ணீர் ஓடுவதைக் குனிந்து பார்த்துவிட்டு வருவார்.